சகோதரன் என்னும் பெயருக்கு விலை கேட்கிறவர்கள்

தியானப் பகுதி: மத்தேயு 23:1-12, அப்போஸ்தலர் 9:10-28



கல்லூரிகள் திறந்துவிட்டன. நம் சபைப் பிள்ளைகளில் சிலர் முதலாமாண்டு வகுப்புக்குள் காலெடுத்து வைத்திருக்கிறார்கள். அவர்களுள் பலர் தங்கள் வீட்டின் முதல் பட்டதாரிகளாகப் போகிறவர்கள். ஞாயிறு ஆராதனையில் அவர்களுக்காக ஜெபித்தோம். திங்கட்கிழமை காலையில் அவர்கள் வண்ணாரப்பேட்டை இரயில் நிலையத்திலும், திருவொற்றியூர் நெடுஞ்சாலையின் பேருந்து நிறுத்தங்களிலும் தனியே நிற்கிறார்கள். அங்கே மூத்த மாணவர்கள் சிலர் அவர்களை எதிர்கொண்டு, "தம்பி, நீ எந்த ரூட்டு?" என்று கேட்கிறார்கள். இவ்வாரத் தியானம் அந்தக் கேள்வியைக் குறித்தது.

சொல்ல வந்ததை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இளையவனைச் சிறுமைப்படுத்தி உள்ளே சேர்த்துக்கொள்ளும் எந்தக் கூட்டத்திற்கும் சகோதரத்துவம் என்ற பெயர் பொருந்தாது. அது பேருந்தின் படிக்கட்டில் நடந்தாலும் பொருந்தாது. வெளிநாட்டுப் பல்கலைக்கழகத்தின் மாளிகையில் நடந்தாலும் பொருந்தாது. அதே வேளையில், இப்படிப்பட்ட கூட்டங்களில் சேரும் பிள்ளைகளை "ரவுடிகள்" என்று ஒரே சொல்லில் ஒதுக்கிவிட்டு, அவர்களுக்குத் தன் நடுவில் ஓர் இருக்கையும் தராத சபைக்கு அவர்களைக் கண்டிக்கும் தகுதி இல்லை.

முதலில் "ரூட்டு" என்பது என்னவென்று நிதானமாகப் பார்ப்போம். சென்னையின் கலைக் கல்லூரிகளுக்கு வடசென்னையிலிருந்தும் புறநகரிலிருந்தும் வரும் மாணவர்கள், தாங்கள் பயணம் செய்யும் பேருந்துத் தடத்தையோ இரயில் பாதையையோ கொண்டு குழுக்களாகத் திரள்கிறார்கள். ஒவ்வொரு தடத்திற்கும் ஒரு தலைவன். அவனே "ரூட்டு தல". பேருந்தின் பின்பகுதியும் படிக்கட்டும் அவன் ஆளுகைக்கு உட்பட்டவை. அவன் சொன்னால் பாட்டு. அவன் சொன்னால் முழக்கம். கொண்டாட்டத்திற்குப் பணம் திரட்டுவதும், எடுபிடி வேலை செய்வதும் இளையவர்களின் கடமை. படிப்பு முடித்து வெளியேறும் தலைவனுக்குப் பின் அடுத்தவன் பட்டத்திற்கு வருகிறான்.

இதன் தொடக்கத்தில் தீமை மட்டுமே இருந்ததாக எண்ணிவிடாதீர்கள். "பஸ் டே" என்று நாம் இன்று அச்சத்தோடு உச்சரிக்கும் நாள் நன்றியறிதலோடு தொடர்புடையது. ஆண்டு முழுவதும் தங்களைப் பத்திரமாகக் கொண்டுசென்ற ஓட்டுநருக்கும் நடத்துநருக்கும் மாலையிட்டு, பரிசளித்து, பேருந்தை அலங்கரித்து, மேளதாளத்தோடு கல்லூரி வரை ஊர்வலமாகச் செல்வது அந்நாளின் வழக்கம். கூலித் தொழிலாளிகளின் பிள்ளைகள் வேறொரு தொழிலாளியைக் கனப்படுத்திய நாள் அது. எந்த மேட்டுக்குடிக் கல்லூரியிலும் இப்படியொரு விழா இருந்ததாக நான் அறியேன்.

அந்த நன்றி எங்கே போயிற்று? போக்குவரத்தை மறிப்பதும், கூரைமேல் ஏறுவதும், எதிர்த் தடத்தாரோடு மோதுவதும் பெருகியபின் 2011இல் சென்னை உயர் நீதிமன்றம் அக்கொண்டாட்டத்திற்குத் தடை விதித்தது. 2019 ஜூன் மாதத்தில், கல்லூரி திறந்த நாளிலேயே, ஓடும் பேருந்தின் கூரையிலிருந்து மாணவர்கள் கொத்தாகச் சாலையில் விழுந்த காட்சியை நாடே பார்த்தது. அடுத்த மாதம் அரும்பாக்கத்தில் மாணவர்கள் பட்டப்பகலில் பட்டாக்கத்தியோடு சக மாணவர்களைத் துரத்தி வெட்டினார்கள். காவல்துறை ரூட்டு தலைகளைக் கண்டறிந்து, அவர்களிடம் நன்னடத்தைப் பிணைப் பத்திரம் எழுதி வாங்கியது. 2024 அக்டோபர் 4 அன்று சென்னை சென்ட்ரல் புறநகர் இரயில் நிலையத்தருகே மாநிலக் கல்லூரி மாணவர் ஒருவர் தாக்கப்பட்டார். 9ஆம் தேதி அவர் இறந்தார். அவ்வழக்கில் கைதானவர்கள் பச்சையப்பன் கல்லூரி மாணவர்கள். 1794இல் மறையுமுன் தன் செல்வத்தை அறப்பணிக்கென எழுதிவைத்த பச்சையப்ப முதலியாரின் பெயரைத் தாங்கி நிற்கிறது அக்கல்லூரி. பிறர் பிள்ளைகள் வாழ ஒருவர் விட்டுச்சென்ற பெயரை முழங்கிக்கொண்டு பிறர் பிள்ளையைக் கொல்ல முடியுமானால், அந்த முழக்கத்தில் எந்த ஆவி குடிகொண்டிருக்கிறது?

இங்கே உங்களில் சிலர் தலையசைப்பதை என்னால் உணர முடிகிறது. "ஐயா, அந்தக் கல்லூரிகளே அப்படித்தான். அந்தப் பிள்ளைகள் வளர்ந்த இடம் அப்படி. அதனால்தான் நாங்கள் எங்கள் பிள்ளைகளைத் தூரத்துக்கு, பெரிய இடத்துக்கு அனுப்பினோம்" என்கிறீர்கள். அந்தப் பெரிய இடங்களின் வரலாற்றையும் கொஞ்சம் கேளுங்கள்.

1776 டிசம்பர் 5 அன்று அமெரிக்காவின் வில்லியம் அண்ட் மேரி கல்லூரி மாணவர்கள் சிலர் ஃபை பீட்டா காப்பா என்ற சங்கத்தைத் தொடங்கினார்கள். கல்வி குறித்து விவாதிப்பதே நோக்கம். அதனுடன் இரகசிய உறுதிமொழியும், உறுப்பினர் மட்டுமே அறிந்த கைகுலுக்கலும் சேர்ந்துகொண்டன. 1825 முதல் யூனியன் கல்லூரி என்ற சிறு கல்லூரியில் காப்பா ஆல்ஃபா முதலிய சங்கங்கள் எழுந்தன. அந்த மாதிரி நாடெங்கும் பரவியது. இலத்தீன் மொழியில் சகோதரனைக் குறிக்கும் சொல்லிலிருந்து "ஃபிரட்டர்னிட்டி" என்ற பெயர் பிறந்தது. ஆண்களின் சங்கங்களில் இடம்பெறாத பெண்கள் தமக்கென்று சங்கம் அமைத்தார்கள். இல்லினாய்ஸ் மாநிலத்தில் பிரெஸ்பிட்டேரியன் சபையார் நடத்திய மான்மத் என்னும் சிறு கல்லூரியில், 1867 ஏப்ரல் 28 அன்று மாணவியர் 12 பேர் கூடித் தொடங்கிய சங்கமே இன்றைய பை பீட்டா ஃபை. தனித்து விடப்பட்ட பெண்கள் ஒருவரையொருவர் தாங்கிக்கொள்ளச் செய்த காரியம் அது. அதிலும் நன்மை இருந்தது.

ஆனால் காலப்போக்கில் அச்சங்கங்கள் எப்படி வளர்ந்தன என்று பாருங்கள். வெள்ளையர் அல்லாதவரைச் சேர்ப்பதில்லை என்று பல சங்கங்கள் தங்கள் விதிகளிலேயே எழுதிவைத்து, 20ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரை அதைக் காத்தன. புறக்கணிக்கப்பட்ட கறுப்பின மாணவர்கள் 1906இல் கார்னெல் பல்கலைக்கழகத்தில் ஆல்ஃபா ஃபை ஆல்ஃபா என்ற சங்கத்தைத் தாங்களே தொடங்க வேண்டியதாயிற்று. புதியவனைத் துன்புறுத்திச் சேர்க்கும் வழக்கம் பல சங்கங்களில் சடங்காகவே வேரூன்றியது. 2017இல் பென்சில்வேனியா மாநிலப் பல்கலைக்கழகத்தில், சங்கத்தில் சேர வந்த ஓர் இளைஞனை மிதமிஞ்சிக் குடிக்கவைத்தார்கள். அவன் படிக்கட்டில் விழுந்து அடிபட்டான். அவன் "சகோதரர்கள்" மணிக்கணக்காக மருத்துவ உதவியை அழைக்கவில்லை. அவன் மரித்துப்போனான். அவர்கள் சேரிப் பிள்ளைகள் அல்லர், கத்தியும் வைத்திருக்கவில்லை. அவர்கள் கூடியிருந்தது ஓர் அழகிய மாளிகை. அங்கே நடப்பதற்குப் "பாரம்பரியம்" என்றும், நம் பேருந்தில் நடப்பதற்கு "ரவுடித்தனம்" என்றும் பெயர் வைத்தது யார்?

நம் மாநிலத்திற்கே திரும்புவோம். 1996 நவம்பரில் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் மருத்துவக் கல்லூரி விடுதியில் முதலாமாண்டு மாணவர் பொன் நாவரசு கொல்லப்பட்டார். அவருடைய தகப்பனார் அப்போது சென்னைப் பல்கலைக்கழகத்தின் துணைவேந்தர். துணைவேந்தரின் மகனுக்கே அந்த விடுதியில் பாதுகாப்பில்லை. அதன்பின் 1997இல் தமிழ்நாடு பகடிவதைத் தடைச் சட்டம் வந்தது; இரண்டாண்டு வரை சிறையும், 10,000 ரூபாய் வரை அபராதமும் அதில் தண்டனை. அந்தக் கொலையில் குற்றவாளி என்று 2011இல் உச்ச நீதிமன்றம் உறுதிசெய்த மூத்த மாணவரின் பெயரை நீங்கள் அறிவீர்கள். நம் ஆலயத்து ஞானஸ்நானப் பதிவேட்டைப் புரட்டினால் பக்கத்துக்குப் பக்கம் காணக்கூடிய வேதாகமப் பெயர்கள் இரண்டு சேர்ந்தது அது. ஆகவே, "அந்தப் பிள்ளைகள்" என்று விரலை நீட்டுமுன் சற்றே நிறுத்துங்கள்.

"கொஞ்சம் பகடி இருந்தால்தான் பையனுக்குத் துணிச்சல் வரும், நாங்களும் அதைக் கடந்துதான் வந்தோம்" என்று சொல்லும் மூத்தோரும் நம் நடுவில் உண்டு. அவர்களை ஒன்று கேட்கிறேன். நீங்கள் பட்ட அவமானம் உங்களுக்கு எதைக் கற்றுத்தந்தது? அடுத்த ஆண்டு வருகிறவனை அவமானப்படுத்தலாம் என்பதைத்தானே? துணிச்சல் என்பது பலவீனனுக்காக பலவானை எதிர்த்து நிற்பது. பலவான்கள் பத்துப்பேர் சூழ நின்று ஒருவனை முழங்காலிடச் செய்வதில் துணிச்சல் எங்கே இருக்கிறது?

இனி வேதத்திற்கு வருவோம். ரூட்டு ஆனாலும், ஃபிரட்டர்னிட்டி ஆனாலும், விடுதி ஆனாலும், இவற்றுள் மூன்று விதிகள் எழுதப்படாமலே செல்லுகின்றன. முதலாவது, பிந்தி வருகிறவன் விலை கொடுக்க வேண்டும். இரண்டாவது, முந்தி வந்தவன் ஆளுவான். மூன்றாவது, எதிரி ஒருவன் இல்லாமல் நாம் ஒன்றாயிருக்க முடியாது.

இந்த மூன்றையும் நம் ஆண்டவர் தலைகீழாகப் புரட்டினார். மத்தேயு 23இல் அவர் தம் சீஷரிடம், உங்களுக்குள் எவனும் பட்டப்பெயரால் உயர வேண்டாம், நீங்கள் எல்லாரும் சகோதரர் என்கிறார். செபெதேயுவின் குமாரர் இருவரும் வலப்பக்கமும் இடப்பக்கமும் இடம் கேட்டு வந்தபோது, ஆளுகை என்பது புறஜாதியாரின் வழக்கம், உங்களுக்குள்ளே பெரியவன் ஊழியக்காரனாயிருக்கக்கடவன் என்று திருத்துகிறார். "தல" ஆக விரும்பிய முதல் மாணவர்கள் அவருடைய சொந்த வகுப்பிலேயே இருந்தார்கள்! சிலுவைக்கு முந்தின இரவில் அவர் இளையவர்களைக் கொண்டு தம் கால்களைக் கழுவிக்கொள்ளவில்லை. தாமே துண்டைக் கட்டிக்கொண்டு குனிந்தார். எபிரெயர் நிருபம் 2ஆம் அதிகாரம், அவர் நம்மைச் சகோதரர் என்று அழைக்க வெட்கப்படவில்லை என்று சாட்சியிடுகிறது. நாம் குடும்பத்தில் சேரும்படி விலை கொடுத்தவர் மூத்தவர். இளையவனிடம் ஒரு காசும் கேட்கப்படவில்லை.

அப்போஸ்தலர் 9ஐ வாசியுங்கள். சபையைத் துன்பப்படுத்திய சவுல், பார்வையிழந்து தமஸ்குவில் கிடக்கிறான். பழிதீர்க்க அதைவிட ஏற்ற தருணம் உண்டோ? அனனியா போகிறான், கைகளை வைக்கிறான், அவனைச் சகோதரனே என்று அழைக்கிறான். பரீட்சை எதுவும் நடக்கவில்லை. பின்பு எருசலேமில் எல்லாரும் சவுலைக் கண்டு பயந்து விலகியபோது, பர்னபா அவனைச் சேர்த்துக்கொண்டு அப்போஸ்தலரிடம் அழைத்துப்போய், அவனுக்காகப் பேசுகிறான். புதியவனுக்காக மூத்தவன் பிணை நிற்பதே திருச்சபையின் சேர்க்கைமுறை.

"சட்டம் இருக்கிறது, காவல்துறை இருக்கிறது, இதில் சபைக்கு என்ன வேலை?" என்று நீங்கள் கேட்கலாம். சட்டம் வேண்டும். கத்தி எடுத்தவன் தண்டிக்கப்பட வேண்டும். அவன் நம் சபைப் பிள்ளையானாலும், அவனுக்காகக் காவல் நிலையத்தில் பரிந்து பேசும்படி ஆயரின் கடிதத் தாளைக் கேட்டு வராதீர்கள். ஆனால் தடை மட்டும் எதைச் சாதித்தது? மேலே சொன்ன மான்மத் கல்லூரி 1870களில் அச்சங்கங்களைத் தடைசெய்தது. அவை மறைவில் தொடர்ந்தன. இங்கே பஸ் டேவுக்கு 2011இல் தடை வந்தது. 2019இல் கூரை நிறைய மாணவர்கள். வீட்டைவிட்டுப் புறப்பட்ட அசுத்த ஆவி, அது பெருக்கி வெறுமையாய்க் கிடக்கக் கண்டு, ஏழு ஆவிகளோடு திரும்பி வருவதை ஆண்டவர் சொல்லியிருக்கிறாரே. வெறுமையாய் விடப்பட்ட இடத்தை யாரோ நிரப்பத்தான் செய்வார்கள்.

அந்த வெறுமை எது? எண்ணூரிலிருந்தோ மீஞ்சூரிலிருந்தோ கும்மிடிப்பூண்டி இரயிலில் ஏறி வரும் ஒரு மீனவர் மகனை நினைத்துப் பாருங்கள். துறைமுகத்தில் மூட்டை சுமப்பவரின் மகனை நினைத்துப் பாருங்கள். கல்லூரியில் அவனுக்குத் தெரிந்தவர் எவரும் இல்லை. ஆங்கிலத்தில் நடக்கும் பாடம் காதில் விழுகிறது, மனதில் ஏறவில்லை. விண்ணப்பத்தை எப்படி நிரப்புவது என்று சொல்ல வீட்டில் படித்தவர் இல்லை. அப்போது ஒருவன் அவன் தோளில் கைபோட்டு, "நீ நம்ம ரூட்டு, உன்மேல எவனாவது கை வெச்சா நாங்க இருக்கோம்" என்கிறான். அந்த ஒரு வாக்கியத்துக்காக அவன் எதையும் செய்வான். நாளைக்குக் கத்தியை ஒளித்துவை என்றால் அதையும் செய்வான். அதே பேருந்தின் முன்பகுதியில், வேலைக்குப் போகும் நம் சகோதரிகள் ஆபாசப் பாட்டைக் கேட்டுத் தலைகுனிந்து நிற்பதை அவன் காணாதவன்போல் இருந்துவிடுவான். சகோதரிகளைக் கூசச் செய்யும் சகோதரத்துவத்திற்கு அவன் கொடுக்கும் கட்டணம் அது.

அவனிடம் அந்த வாக்கியத்தை முதலில் சொல்ல வேண்டியவர்கள் யார்? சபையாரே, நீங்கள்தான். ஆனால் ஆராதனை முடிந்ததும் நடப்பது என்ன? பின்வரிசையில் வந்து உட்காரும் இளைஞனிடம் எத்தனைபேர் பெயர் கேட்கிறீர்கள்? கேட்பவரும் அடுத்ததாக "சொந்த ஊர் எது?" என்று கேட்கிறீர்கள், அந்தக் கேள்வியின் உள்நோக்கம் எதுவென்று கேட்பவருக்கும் தெரியும், பதில் சொல்பவனுக்கும் தெரியும். கமிட்டித் தேர்தல் வந்தால் இன்னார் அணி, அன்னார் அணி என்று பிரிகிறீர்கள். கொரிந்து சபையில் பவுலைச் சேர்ந்தவன், அப்பொல்லோவைச் சேர்ந்தவன், கேபாவைச் சேர்ந்தவன் என்று பிரிந்தவர்களை அப்போஸ்தலன் என்ன கேட்டான் என்பதை 1 கொரிந்தியர் 1இல் வாசித்துக்கொள்ளுங்கள். ஆலயத்துக்குள் ரூட்டு பிரிப்பவர்கள், பேருந்தில் ரூட்டு பிரிக்கும் பிள்ளையைக் கண்டிப்பது எப்படி?

வேறு வழி உண்டு என்பதற்கு நம் நகரத்திலேயே ஓர் எடுத்துக்காட்டு இருக்கிறது. சென்னைக் கிறிஸ்தவக் கல்லூரி 1937இல் தாம்பரத்திற்கு இடம் பெயர்ந்தபோது செலையூர், தூய தோமா, பேராயர் ஹீபர் என்ற மூன்று விடுதிகளைக் கல்வியின் ஒரு பகுதியாகவே அமைத்தார்கள். ஆசிரியரே விடுதிக் காப்பாளராக மாணவர் நடுவில் குடியிருப்பது அதன் அடிப்படை. எந்த விடுதியும் பாவத்திற்கு விலக்கானதல்ல. ஆயினும் இளைஞரின் கூட்டத்தை ஒழிப்பதைவிட, அதன் நடுவில் பொறுப்புள்ள மூத்தவர் வாழ்வது நல்லது என்ற அறிவு அதில் இருக்கிறது. வண்ணாரப்பேட்டையிலேயே 1950 முதல் சர் தியாகராயர் கல்லூரி நம் தெருக்களின் பிள்ளைகளைப் பட்டதாரிகளாக்கி வருகிறது. அங்கும் பிற கல்லூரிகளிலும் படித்து, இன்று வங்கியிலும் துறைமுகத்திலும் பள்ளியிலும் வேலைபார்க்கும் உங்களுக்கு இந்தப் பிள்ளைகளின் பாதை தெரியும். நீங்கள் நடந்த பாதைதான் அது.

ஆகவே மூன்று காரியங்களை உங்கள்முன் வைக்கிறேன். ஒன்று, முதலாமாண்டு சேர்ந்த ஒவ்வொரு பிள்ளைக்கும், கல்லூரி கடந்த ஒருவர் பர்னபாவாக நியமிக்கப்பட வேண்டும். வாரம் ஒருமுறை பேசுவதும், முதல் மாதத்தில் சிலநாள் அதே பேருந்திலோ இரயிலிலோ உடன் செல்வதும் அவர் பொறுப்பு. இரண்டு, சனிக்கிழமை மாலைகளில் ஆலய மண்டபம் மாணவருக்குத் திறந்திருக்கட்டும். அங்கே பாடம் சொல்லித்தர ஆளும், பசிக்கு உணவும் இருக்கட்டும். எந்தச் சபை, எந்த மதம், எந்தத் தெரு என்ற கேள்வி இல்லாதிருக்கட்டும். மூன்று, வாலிபர் ஐக்கியத்தில் புதியவனைக் கேலி செய்து வரவேற்கும் வழக்கம் எந்த வடிவில் இருந்தாலும் இந்த வாரமே நிற்கட்டும்.

மாணவர்களே, உங்களுக்கும் ஒரு வார்த்தை. உன்னைத் தாங்குவேன் என்று சொல்லும் கூட்டத்தை ஒரே கேள்வியால் சோதித்துப் பார். "நான் இன்று இதை மறுத்தால், நாளை நீங்கள் என் சகோதரர்களா?" என்று கேள். உன் மறுப்பைத் தாங்காதவன் உன் சகோதரன் அல்லன், உன் எஜமான். மூத்த மாணவனாக இருக்கிற மகனே, உனக்கு முன்னிருந்தவன் உன்னிடம் வாங்கிய கணக்கை நீ இளையவனிடம் தீர்க்க வேண்டியதில்லை. அந்தக் கடனை உன்னோடு முடித்துவிடு. ஓட்டுநருக்கு நன்றி சொல்ல விரும்பினால் மாலை போடு, கைகுலுக்கு, இனிப்புக் கொடு. பிறகு உள்ளே உட்கார்ந்து பயணம் செய். அதைவிடப் பெரிய மரியாதையை அவருக்கு நீ செய்ய முடியாது.

உன் சகோதரன் எங்கே என்று தேவன் காயீனைக் கேட்டார். அந்தக் கேள்வி அக்டோபர் மாதத்து இரயில் நிலைய வாசலில் மறுபடியும் எழுந்தது. அது கைதானவர்களை மட்டும் நோக்கியதல்ல. நம் வீட்டு வாசலுக்கும் வந்திருக்கிறது.

ஜெபம்: எங்கள் மூத்த சகோதரராகிய ஆண்டவரே, எங்களை உம்முடைய வீட்டில் சேர்க்க நீரே விலைகொடுத்தீர். இந்தக் காலையில் படிக்கட்டில் தொங்கிச் செல்லும் பிள்ளைகளைக் காத்தருளும். பயந்து நிற்கும் இளையவனுக்கு ஒரு பர்னபாவை அனுப்பும். எங்களில் ஒருவரையே அனுப்பும். மகனை இழந்த வீடுகளை ஆற்றித் தேற்றும். ஆமென்.

கர்த்தருடைய பணியில்,
உங்கள் ஆயர்